இஷாப்பூர் எஸ்.எல்.ஆர்.: நகல்தான், ஆனால் நம்பிச் சுட்ட நகல்

இஷாப்பூர் 1ஏ1 ஒரு நகல். அதைச் சொல்வதில் எனக்குத் தயக்கமே இல்லை. பெல்ஜியத்தின் எஃப்.என். நிறுவனம் உருவாக்கிய எஃப்.ஏ.எல். ரைஃபிளைப் பிரித்து, அளந்து, புதிதாக வரைபடம் போட்டு நம் நாட்டில் செய்த துப்பாக்கி அது. பட்டாளத்தில் 1ஏ1 என்று சொன்னால் பாதிப் பேருக்குப் புரியாது. எஸ்.எல்.ஆர்., அதாவது செல்ஃப் லோடிங் ரைஃபிள், என்றால்தான் தெரியும்.

நான் மதராஸ் ரெஜிமெண்டில் இருந்தவன். நீலகிரியின் வெல்லிங்டனில் ரெக்ரூட்டாகச் சேர்ந்தபோது கையில் கொடுத்தது இந்த ரைஃபிளைத்தான். சர்வீஸில் பாதிக்கு மேல் இதோடுதான் போனது. பிறகு இன்சாஸ் ரைஃபிள் வந்தது, நானும் ஓய்வு பெற்று குன்னூர் பக்கமே தங்கிவிட்டேன். எஸ்.எல்.ஆர். பற்றிப் பேச்சு வந்தால் இரண்டு விதமாகப் பேசுகிறார்கள். ஒரு கூட்டம் "அது வெளிநாட்டுக்காரன் துப்பாக்கியைக் காப்பி அடித்தது" என்று ஒரே வரியில் முடித்துவிடும். இன்னொரு கூட்டம் அதைப் போல ஒரு ரைஃபிள் உலகத்திலேயே கிடையாது என்று தலையில் தூக்கி வைக்கும். இரண்டுமே நியாயம் இல்லை. ஒரு நகலை எடைபோட வேண்டுமென்றால் அதைச் சுட்டுப் பார்த்துத்தான் போட வேண்டும். சுட்டவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

ஏன் நகல் எடுத்தார்கள்?

1962-இல் சீனாவோடு சண்டை வந்தபோது நம் காலாட்படையின் கையில் இருந்தது .303. அந்த வடிவம் 1907-ஆம் வருஷத்தது. நல்ல ரைஃபிள், குறி தப்பாது. ஆனால் ஒவ்வொரு குண்டுக்கும் போல்ட்டைத் தூக்கி, பின்னால் இழுத்து, முன்னால் தள்ள வேண்டும். எதிரே இருந்தவர்களிடம் தானாகவே அடுத்த குண்டு ஏறும் துப்பாக்கிகள் இருந்தன. பனியில் விறைத்த விரலோடு போல்ட் இழுத்தவர்களின் நிலைமை எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

அந்தச் சண்டைக்குப் பிறகு அவசரம் வந்தது. எஃப்.ஏ.எல். அப்போது உலகம் முழுக்கப் பேசப்பட்ட பேட்டில் ரைஃபிள். துயுதோனே சைவ் என்ற பெல்ஜிய வடிவமைப்பாளரின் வேலை. 7.62x51 நேட்டோ தோட்டா, 20 குண்டு மேகசின். பிரிட்டன் அதையே அங்குல அளவுக்கு மாற்றி எல்1ஏ1 என்ற பெயரில் எடுத்துக்கொண்டது. ஆஸ்திரேலியாவும் லித்கோவில் செய்தது. நாளடைவில் 90-க்கும் மேற்பட்ட நாடுகள் இதை வைத்திருந்தன. 1982 ஃபாக்லாந்து போரில் அர்ஜென்டினா, பிரிட்டன் இரண்டு தரப்புமே இந்தக் குடும்பத்து ரைஃபிளால்தான் ஒருவரை ஒருவர் சுட்டுக்கொண்டார்கள்.

இந்தியாவும் உரிமம் கேட்டுப் பேசியது. ராயல்டி விஷயத்தில் பேச்சு ஒத்துவரவில்லை. உடனே புணேயில் உள்ள ஆயுத ஆராய்ச்சி மேம்பாட்டு நிறுவனமான ஏ.ஆர்.டி.இ., பெல்ஜிய, பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய ரைஃபிள்களை வரவழைத்துப் பிரித்துப் பார்த்துத் தனி வரைபடம் தயாரித்தது. மேற்கு வங்கத்தின் இஷாப்பூர் ரைஃபிள் ஃபேக்டரியில் உற்பத்தி தொடங்கியது. பெல்ஜியக்காரர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள், பிறகு விஷயம் பேசித் தீர்க்கப்பட்டது. பல நாட்டு ரைஃபிள்களைப் பார்த்துத் தனி வரைபடம் போட்டதால்தான் நம் 1ஏ1 முழு மில்லிமீட்டர் அளவும் இல்லை, முழு அங்குல அளவும் இல்லை. பெல்ஜிய உதிரிப் பாகத்தைக் கொண்டுவந்து இதில் அப்படியே பொருத்த முடியும் என்று நம்ப முடியாது.

இடைக்கால ஏற்பாடு ஒன்றும் இருந்தது. பழைய .303-இன் உடம்பையே வலுவான எஃகில் செய்து 7.62 நேட்டோ தோட்டாவுக்கு மாற்றினார்கள். அதுதான் இஷாப்பூர் 2ஏ, பிறகு 2ஏ1. எஸ்.எல்.ஆர். போதுமான எண்ணிக்கையில் வரும்வரை காலத்தைத் தள்ள அது உதவியது.

கையில் எடுத்தால்

முதலில் தெரிவது கனம். குண்டு நிரப்பிய மேகசினோடு ஏறக்குறைய 5 கிலோ. நீளம் ஒரு மீட்டருக்கும் மேல். சராசரி உயரம் உள்ள நம் ஊர்ப் பையன் தோளில் மாட்டினால் பின்னால் வருபவனுக்கு இடிக்கும். வெல்லிங்டன் சரிவுகளில் இதைத் தூக்கிக்கொண்டு ஓடியவர்களுக்கு அந்தக் கனம் ஆயுசுக்கும் மறக்காது.

ஆனால் தோளில் வைத்துப் படுத்துவிட்டால் அதே கனம் உதவிக்கு வருகிறது. 7.62 நேட்டோ குண்டு 9 கிராமுக்குக் கொஞ்சம் கூடுதல். நொடிக்கு 840 மீட்டர் அளவு வேகத்தில் கிளம்பும். உதை இருக்கத்தான் செய்யும். அந்த உதையில் ஒரு பகுதியை ரைஃபிளின் எடையே வாங்கிக்கொள்கிறது. தோள் குழியில் கட்டையை இறுக்கி வைக்காதவனுக்குத்தான் சாயங்காலம் தோள் கறுத்திருக்கும்.

காக்கிங் ஹேண்டில் இடது பக்கம் இருப்பது இந்த வடிவமைப்பின் பெரிய வசதி. வலது கை பிடியை விட்டு நகர வேண்டியதே இல்லை, இடது கையால் இழுத்து விடலாம். சுடும்போது ஹேண்டில் முன்னும் பின்னும் ஓடாது, அசையாமல் நிற்கும். .303-இலிருந்து மாறிய பழைய ஆட்கள் முதலில் ரசித்தது இதைத்தான் என்று சீனியர்கள் சொல்வார்கள்.

கட்டையின் அடிப்பகுதியைப் பாருங்கள். ஒரு சின்ன மூடி இருக்கும். அதைத் திறந்தால் எண்ணெய்ப் புட்டியும் புல்-துரூவும் வைக்கிற குழி. அந்த பட்-பிளேட் பழைய .303-இலிருந்து வந்தது. பெல்ஜிய ரைஃபிளை நகல் எடுக்கும்போதே நம் சிப்பாய்க்குப் பழக்கமான ஒரு பாகத்தை அப்படியே கொண்டுவந்து சேர்த்திருக்கிறார்கள். எனக்கு இந்த ரைஃபிளில் ரொம்பப் பிடித்த இடம் அதுதான். கண்ணை மூடிக்கொண்டு காப்பி அடித்தவன் இப்படிச் செய்ய மாட்டான்.

ரேஞ்சில்

வெல்லிங்டன் கடல் மட்டத்திலிருந்து சுமார் 1,850 மீட்டர் உயரம். இங்கே காற்றின் அடர்த்தி சமவெளியைவிட ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு குறைவு. குண்டுக்கு எதிர்ப்பு குறைவதால் தூரத்து டார்கெட்டில் குண்டு சற்று மேலே விழும். 300 மீட்டருக்குள் அது ஒரு விரல் அகலம் அளவுதான். ரெக்ரூட்டின் நடுங்கும் மூச்சு அதைவிடப் பெரிய பிழையைச் செய்யும். இங்கே நிஜமான தொல்லை மேகமும் குளிரும். காலையில் எல்லாம் தயாராகி, சிவப்புக் கொடி ஏற்றி, படுத்துக் குறிபார்த்தால் டார்கெட் இருக்கும் இடத்தில் வெள்ளைத் திரை மட்டும் இருக்கும். காத்திருப்பதைத் தவிர வழியில்லை.

குளிர் அதைவிடச் சிக்கலானது. வெடிமருந்து குளிர்ந்திருந்தால் அது தரும் வேகம் சற்றுக் குறையும், ரைஃபிளுக்குள் எண்ணெயும் கெட்டியாகும். இரண்டும் சேர்ந்தால், பேரலின் பின்வாயை மூடும் பிரீச் பிளாக் பின்னால் வரும் வேகம் குறைந்து காலிக் கேஸ் வெளியே வராமல் மாட்டிக்கொள்ளும். இதற்கு மருந்து ரைஃபிளிலேயே இருக்கிறது, அதன் பெயர் காஸ் ரெகுலேட்டர்.

அதைக் கொஞ்சம் விவரமாகவே சொல்கிறேன். குண்டு பேரலில் போகும்போது பின்னால் துரத்தும் வாயுவில் கொஞ்சம், மேலே உள்ள சின்னத் துளை வழியாக காஸ் சிலிண்டருக்குள் நுழையும். அது பிஸ்டனைத் தட்டும், பிஸ்டன் பிரீச் பிளாக் கேரியரைத் தள்ளும், காலிக் கேஸ் வெளியே போகும், அடுத்த குண்டு ஏறும். ரெகுலேட்டர் என்பது சிலிண்டரைச் சுற்றியுள்ள எண் போட்ட வளையம். அதைத் திறந்தால் வாயுவில் ஒரு பகுதி வெளியே போய்விடும், மூடினால் எல்லாம் பிஸ்டனுக்கே வரும். முழுக்கத் திறந்து வைத்து ஒவ்வொரு குண்டாகச் சுட வேண்டும். கேஸ் ஒழுங்காக வெளியேறும்வரை ஒவ்வொரு கிளிக்காக மூட வேண்டும். சரியாக வேலை செய்யும் இடம் கிடைத்ததும் பாதுகாப்புக்கு இன்னும் இரண்டு கிளிக்.

எங்கள் உஸ்தாத், அதாவது பயிற்சியாளர், இதைச் சொல்லிக்கொடுத்த விதம் இன்னும் காதில் இருக்கிறது.

"தம்பி, முழுசா மூடி வச்சிட்டா தொல்லையே இல்லைன்னு நினைக்காதே. இன்னிக்கு ஓடும். நாளைக்கு பாகமெல்லாம் அடி வாங்கித் தேஞ்சு போகும். அதுக்கு எவ்வளவு வேணுமோ அவ்வளவுதான் குடு."

"சரி உஸ்தாத்."

"சரின்னு சொல்லாதே. உன் ரைஃபிளுக்கு எந்த நம்பர்னு சொல்லு."

ஒவ்வொரு ரைஃபிளுக்கும் அந்த எண் வேறு. தன் ரைஃபிளின் எண் தெரியாதவன் அதைச் சுடத் தெரியாதவன் என்பது அவருடைய கணக்கு. இன்றைக்கும் அதை மறுக்க எனக்குக் காரணம் கிடைக்கவில்லை.

குறி பார்ப்பது எளிது. பின்னால் சிறு துளை, முன்னால் இரண்டு காதுகளுக்கு நடுவில் ஒரு முனை. துளை வழியாகப் பார்த்து முனையை டார்கெட்டின் கீழே வைத்து மூச்சை நிறுத்திச் சுட வேண்டும். டிரிகர் கொஞ்சம் கனம்தான், போட்டித் துப்பாக்கியின் மென்மையை இதில் எதிர்பார்க்கக் கூடாது. 100 மீட்டரில் நல்ல தோட்டாவோடு 10 சென்டிமீட்டருக்குள் குரூப் வந்தால் ரைஃபிளும் ஆளும் சரி என்று அர்த்தம். 300 மீட்டரில் ஆள் அளவு டார்கெட்டை இது தவறவிடாது. பின்னாளில் வந்த இன்சாஸ் கையில் இலகு, உதையும் குறைவு. ஆனால் 300-க்கு அப்பால் காற்று வீசும் நாளில் எனக்கு நம்பிக்கை தந்தது எஸ்.எல்.ஆர்.தான்.

சுட்டு முடித்தபின் கோக்கா பொறுக்க வேண்டும். காலிக் கேஸ்களை நாங்கள் அப்படித்தான் சொல்வோம். கொடுத்த குண்டுக்குக் கணக்காக ஒவ்வொரு கோக்காவும் திரும்ப வர வேண்டும். எஸ்.எல்.ஆர். கேஸை வலது பக்கம் நன்றாகத் தள்ளி வீசும். நீலகிரிப் புல்லில் விழுந்த பித்தளையைத் தேடுவது சுடுவதைவிட நேரம் எடுக்கும் வேலை.

பலவீனங்கள்

இந்த ரைஃபிள் நடுவில் மடிந்து திறக்கும். சுத்தம் செய்ய அது பெரிய வசதி. கோல்னா-ஜோட்னா, அதாவது பிரித்து மாட்டும் பயிற்சி, பழகியவனுக்குக் கண்ணைக் கட்டிவிட்டாலும் கை தானாகப் பிரித்து மாட்டும். ஆனால் அந்த மடிப்பிலேயே ஒரு குறையும் இருக்கிறது. பின் சைட் கீழ்ப் பகுதியில் இருக்கிறது, பேரல் மேல் பகுதியில். பல வருஷம் உழைத்த ரைஃபிளில் இரண்டையும் சேர்க்கும் பூட்டு தேய்ந்தால் மெல்லிய ஆட்டம் வரும். அப்போது நேற்று போட்ட சீரோ, அதாவது சரிசெய்து வைத்த குறி, இன்றைக்கு இருக்காது. ஆள் சரியாகச் சுடுவான், குண்டு வேறெங்கோ போகும். இது நகல் எடுத்ததால் வந்த குறை இல்லை, எஃப்.ஏ.எல். குடும்பம் முழுக்க உள்ள குறை. பழைய எஸ்.எல்.ஆர். ஒன்றைக் கையில் வாங்கினால் முதலில் இரண்டு பகுதியையும் பிடித்து ஆட்டிப் பாருங்கள்.

நகலின் நிஜமான பரீட்சை இன்னொரு இடத்தில் இருக்கிறது. சுடும் நொடியில் பிரீச் பிளாக்கின் பின்பகுதி கீழே சாய்ந்து ஒரு எஃகுத் துண்டின் மேல் உட்காரும். முழு அழுத்தத்தையும் தாங்குவது அந்தத் துண்டு. அதைப் பல அளவுகளில் செய்து வைத்து, ஒவ்வொரு ரைஃபிளுக்கும் கேஜ் வைத்துப் பார்த்துப் பொருத்தமானதைப் போட வேண்டும். இடைவெளி அதிகமானால் கேஸ் கிழியும், குறைந்தால் பிளாக் மூடாது. வெளித் தோற்றத்தை யார் வேண்டுமானாலும் காப்பி அடிக்கலாம். இந்த இடத்தைச் சரியாகச் செய்ய எஃகு தெரிந்த தொழிலாளியும் கேஜ் பிடிக்கத் தெரிந்த ஆர்மரரும் வேண்டும். எங்கள் கையில் இருந்த ரைஃபிள்கள் அந்த அழுத்தத்தைப் பல்லாயிரம் முறை தாங்கின.

ஐ.நா. அமைதிப் பணியில் இருந்தபோது வேறொரு நாட்டு வீரரின் பெல்ஜிய எஃப்.ஏ.எல். என் கைக்கு வந்தது. சுடவில்லை, பிரித்துப் பார்க்க மட்டும் அனுமதித்தார். காக்கிங் ஹேண்டில் இழுப்பு சற்று மென்மை, மேல்பூச்சு அழகு. மற்றபடி உள்ளே எல்லாம் எனக்குத் தெரிந்த பாகங்கள். என் கை தேடாமலேயே ஒவ்வொன்றாகக் கழற்றி மாட்டியது.

மலையில் இன்னொரு எதிரி ஈரம். மரக்கட்டை ஈரம் வாங்கும், காஸ் பாகங்களில் கரியும் துருவும் ஒட்டிக்கொள்ளும். சுட்ட அன்றே சிந்தி என்று நாங்கள் சொல்லும் துண்டுத் துணியில் எண்ணெய் தொட்டுப் பேரலை இழுத்துத் துடைக்காவிட்டால் இரண்டு நாளில் பழுப்பு தெரியும்.

அருவங்காட்டு மருந்து

ரைஃபிளைப் பற்றிப் பேசும்போது தோட்டாவுக்குள் இருப்பதை மறந்துவிடுகிறோம். நீலகிரிக்காரர்கள் மறக்கக் கூடாது. வெல்லிங்டனுக்கு அடுத்த ரயில் நிலையம் அருவங்காடு. அங்குள்ள கார்டைட் ஃபேக்டரி 1900-களின் தொடக்கத்தில் வந்தது. அதற்கு மின்சாரம் தர காட்டேரி அருவியில் நீர்மின் நிலையம் அமைத்தார்கள். பழைய .303 தோட்டாவைப் பிரித்தால் உள்ளே சேமியா போல நீளநீளமாகக் கார்டைட் இருக்கும். இன்றைக்கும் சிறு ஆயுதத் தோட்டாவிலிருந்து பீரங்கிக் குண்டு வரை உந்துமருந்து அங்கே தயாராகிறது. குன்னூர் தேயிலையை உலகத்துக்கே தெரியும். அருவங்காட்டு மருந்து நம் ஊர்க்காரர்களுக்கே சரியாகத் தெரியாது. தலைமுறை தலைமுறையாக அந்த ஆபத்தான வேலையைச் செய்த குடும்பங்கள் இந்த மலையில் இருக்கின்றன. எஸ்.எல்.ஆர். நன்றாகச் சுட்டது என்று சொல்லும்போது, உந்துமருந்து செய்யும் அந்தக் கைகளுக்கும் பங்கு கொடுத்தாக வேண்டும்.

எங்கே தோற்றது?

1987 முதல் 1990 வரை இந்திய அமைதிப்படை இலங்கையில் இருந்தது. அங்கே போய் வந்த சீனியர்கள் சொன்னதெல்லாம் ஒன்றுதான். பனங்காட்டுக்குள்ளும் யாழ்ப்பாணத்துச் சந்துகளிலும் இந்த நீளத் துப்பாக்கியைத் திருப்பவே இடம் இல்லை. எதிரே இருந்தவர்களிடம் ஏ.கே. இருந்தது. கைக்கு அடக்கம், 30 குண்டு, விசையை அழுத்தினால் பொழியும். இங்கே 20 குண்டு, ஒவ்வொன்றாகத்தான் சுட வேண்டும். அந்தத் தூரத்தில் 300 மீட்டர் துல்லியத்தை வைத்து என்ன செய்வது? நகல் என்பதால் எஸ்.எல்.ஆர். அங்கே திணறவில்லை. திறந்த வெளிக்கு வடிவமைத்த ரைஃபிளை நெருக்கமான சண்டைக்கு அனுப்பியதால் திணறியது. 1962 சண்டைக்குப் பிறகு எடுத்த முடிவை 1980-கள் வரை அப்படியே வைத்திருந்தோம், அடுத்த ரைஃபிளுக்கான வேலையைத் தாமதமாகத் தொடங்கினோம். குறை சொல்ல வேண்டுமென்றால் அந்தத் தாமதத்தைச் சொல்லுங்கள்.

இன்னொரு இடமும் உண்டு. ராணுவம் கைவிட்ட பிறகும் போலீஸ் கையில் எஸ்.எல்.ஆர். நீடித்தது. 2018 மே மாதம் தூத்துக்குடியில் நடந்த போராட்டத்தில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் 13 பேரின் உயிர் போனது. கூட்டத்தின் மீது எஸ்.எல்.ஆர். பயன்படுத்தியது அப்போது பெரிய கேள்வியாக எழுந்தது. இந்தக் குண்டு ஒரு ஆளைத் துளைத்துக்கொண்டு பின்னால் நிற்பவரையும் போய்ச் சேரக்கூடியது. போர்க்களத்துக்காகச் செய்தது அது. ஊர்ச் சனங்களுக்கு முன்னால் அதைத் தூக்கவே கூடாது. இதை அந்த ரைஃபிளை நேசித்த ஒருவனாகவே சொல்கிறேன்.

என் தீர்ப்பு

இன்சாஸில் உள்ள காஸ் ரெகுலேட்டர் எஃப்.ஏ.எல். வழி வந்தது. நகல் எடுத்துக் கற்ற பாடம் அடுத்த தலைமுறை ரைஃபிளுக்குள் போயிருக்கிறது. 2019-இல் ராணுவம் அமெரிக்காவிலிருந்து 72,400 சிக் 716 ரைஃபிள்கள் வாங்க ஒப்பந்தம் போட்டது. அதன் தோட்டா என்ன தெரியுமா? அதே 7.62x51. இன்சாஸின் சிறிய குண்டுக்குப் போய்விட்டு, தூரத்துக்கும் வலுவுக்கும் மறுபடி பழைய அளவுக்கே வந்து நிற்கிறோம்.

ஆகவே என் மதிப்பீடு இது. வலுவும் நம்பகமும் முதல் தரம். துல்லியம் சிப்பாய்க்குப் போதுமானதற்கு மேலே. கனமும் நீளமும் மலைக்கும் காட்டுக்கும் சுமை. சீரோ நிலைத்து நிற்க ஆர்மரரின் கவனம் வேண்டும். பெல்ஜிய மூலத்தோடு வைத்துப் பார்த்தால் மெருகில் ஒரு படி கீழே, வேலையில் சமம். அவசரத்தில், உரிமம் இல்லாமல், சொந்த வரைபடத்தில் செய்த ஒரு ரைஃபிள் ஒரு படையை முப்பது வருஷத்துக்கு மேல் தாங்கியது என்றால் அதை வெறும் காப்பி என்று தள்ளிவிட எனக்கு மனம் வராது.

கடைசியாக ஒரு வேண்டுகோள். நீலகிரியில் மட்டும் இல்லை, வேலூர் பக்கம் கம்மவான்பேட்டை போன்ற ஊர்களிலும் எஸ்.எல்.ஆர். சுமந்தவர்கள் வீட்டுக்கு வீடு இருக்கிறார்கள். அவர்களுக்கு வயதாகிறது. உங்கள் அப்பாவோ தாத்தாவோ மாமாவோ அப்படி ஒருவராக இருந்தால், அவருடைய ரைஃபிளின் பட் நம்பர் என்ன, காஸ் ரெகுலேட்டரை எந்த எண்ணில் வைத்தார், எந்த ஊரில் எந்தக் குளிரில் அது மாட்டியது என்று கேட்டு ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். இதையெல்லாம் நமக்குச் சொல்ல அவர்களைவிட்டால் வேறு ஆள் இல்லை.